பிரதமர் கையெழுத்திட்ட கடைசி இரண்டு கடிதங்கள்

காவலர்: ...அதெல்லாம் சரி பெரியவரே, அதுக்காகப் பிரதமர் வீட்டு வாசல்ல மூணு நாளா வந்து உக்காந்திருந்தா எப்படி?

அம்ராம்: வாசல்லயா உக்காந்திருக்கேன்? பஸ் ஸ்டாப்புல உக்காந்திருக்கேன். எருசலேம் நகராட்சி போட்ட பெஞ்சு இது.

காவலர்: பஸ்ஸு வருது, போகுது. நீங்க ஏற மாட்டேங்கிறீங்களே!

அம்ராம்: எனக்குப் பிடிச்ச பஸ் இன்னும் வரல.

காவலர்: கிண்டலா? சொன்னாக் கேளுங்க. அவர் இப்ப யாரையும் பாக்கிறதில்ல. மந்திரிங்களே வாசல்ல நின்னுட்டுத் திரும்பிப் போறாங்க.

அம்ராம்: தம்பி, கொஞ்சம் அந்தப் பக்கம் திரும்பு.

காவலர்: எதுக்கு?

அம்ராம்: திரும்பேன்... ம். நினைச்சேன். பின்னங்கழுத்துல இடது பக்கம் முடி ஒரு விரல் ஏறியிருக்கு. யார்கிட்ட வெட்டினே?

காவலர்: ஏன், நல்லாத்தானே இருக்கு?

அம்ராம்: முன்னாடிதான் நல்லா இருக்கு. கண்ணாடி முன்னாடி மட்டும்தானே இருக்கும்? பெத்செயான்ல முப்பது வருஷமா சலூன் வச்சிருக்கேன்பா. கத்திரி இருந்தா இங்கயே சரி பண்ணிடுவேன்.

காவலர்: துப்பாக்கியோட நிக்கிறேன், நீங்க கத்திரி கேக்கிறீங்க... சரி, ஒண்ணு சொல்றேன். நான் சொன்னேன்னு சொல்லக் கூடாது. அதோ, பின்வாசல் வழியா சாம்பல் கலர் கோட்டுல ஒரு அம்மா வராங்க பாருங்க. பிரதமரோட கடிதமெல்லாம் அவங்க கைதான். அவங்களைக் கேளுங்க. அப்புறம் ஊரைப் பாக்கப் போங்க. ஒரு மணிக்கு மேல பெத்செயானுக்குப் பஸ் கிடையாது. ஓய்வுநாள் தொடங்கிடும்.

அம்ராம்: தெரியும். நீ போ. போய் நேரா நில்லு.

அந்த அம்மாள்: இந்த இடம் காலியா?

அம்ராம்: உங்களுக்காகத்தான் காலியா இருக்கு. உக்காருங்க.

அந்த அம்மாள்: பதினெட்டாம் நம்பர் போயிடுச்சா?

அம்ராம்: இப்பதான். அடுத்தது எப்பவோ... வெள்ளிக்கிழமை ஆச்சே, டிரைவருக்கெல்லாம் காலையிலேயே வீட்டு ஞாபகம் வந்துடும். டீ குடிக்கிறீங்களா? புதினா போட்டது.

அந்த அம்மாள்: வேணாம் ஐயா... ரெண்டு கிளாஸ் வச்சிருக்கீங்களே. யாராவது வராங்களா?

அம்ராம்: வரலாம். வராமலும் போகலாம். அதுவரைக்கும் கிளாஸு சும்மா இருக்கணுமா? பிடிங்க. கை சுடும், விளிம்பைப் பிடிங்க.

அந்த அம்மாள்: அப்பா! டீயா இது? சர்க்கரைப் பாகு!

அம்ராம்: இந்த ஊர்ல இருக்கிற என் மச்சினி போட்டது. எங்க ஆளுங்க மொராக்கோல இருந்து வேற எதைக் கொண்டுவந்தாங்களோ இல்லையோ, சர்க்கரைக் கையைக் கொண்டுவந்துட்டாங்க. இனிப்புக் கொறைஞ்சா, வந்தவங்களை வாசலோட அனுப்பின மாதிரி.

அந்த அம்மாள்: நல்லாத்தான் இருக்கு... நீங்க எதிர் வரிசைல நிக்கிறாங்களே, அவங்களோட வந்தவரா?

அம்ராம்: நானா! 'படையைத் திரும்பக் கூப்பிடு'ன்னு கத்துறாங்களே, அவங்களோடவா? அம்மா, நான் இவருக்கு ஓட்டுப் போட ஆரம்பிச்சப்ப அந்தத் தாடிக்காரன் பொறக்கவே இல்ல. தாடியைப் பாருங்க, ஆடு மேய்ஞ்ச மாதிரி. சண்டையை நிறுத்துங்கன்னு சொல்றவன் முதல்ல தாடியை ஒழுங்கு பண்ணிட்டு வந்து சொல்லட்டும்.

அந்த அம்மாள்: (நான் சிரிக்கக் கூடாது... இந்த வாசல்ல சிரிச்சு ரொம்ப நாளாச்சு.)

அம்ராம்: வாய்க்குள்ள என்ன சொல்றீங்க?

அந்த அம்மாள்: ஒண்ணுமில்ல.

அம்ராம்: அவங்க பலகைல இன்னிக்கு என்ன நம்பர்? கண்ணாடியை எடுத்துட்டு வரல.

அந்த அம்மாள்: நானூத்திப் பன்னெண்டு.

அம்ராம்: நேத்து பதினொண்ணு.

அந்த அம்மாள்: ஆமா.

அம்ராம்: ஒரே நாள்ல நாலு ஏறிச்சு ஒரு தடவை. போன குளிர்காலத்துல. வடக்குல, மலைப்பாதைல, ஒரே வண்டி. அந்த நாலுல ஒண்ணு என் பையன். எல்தாத்னு பேரு... அம்மா, டீ சிந்துது. கோட்டுல படுது பாருங்க.

அந்த அம்மாள்: பரவால்ல... காஞ்சிடும். நீங்க... பெத்செயானா?

அம்ராம்: ஆமா. அம்ராம். முடிவெட்டுற அம்ராம்னா ஊர்ல சின்னப் பிள்ளையும் வீட்டைக் காட்டும். உங்க பேரு?

அந்த அம்மாள்: பேரு எதுக்கு... நான் உள்ள தட்டச்சு பண்றவ. தட்டச்சுக்காரின்னே கூப்பிடுங்க, எல்லாரும் அப்படித்தான்.

அம்ராம்: அப்ப இது உங்க மெஷின்ல அடிச்சதாத்தான் இருக்கும். இருங்க... உள்பாக்கெட்ல வச்சிருக்கேன். பிளாஸ்டிக் உறை போட்டிருக்கேன், வேர்வை பட்டுடக் கூடாதுன்னு.

அந்த அம்மாள்: பிரதமர் கடிதம்.

அம்ராம்: பிரதமர் கடிதம். வாசிக்கட்டுமா? கண்ணாடி இல்லாமலே வாசிப்பேன், அவ்வளவு தடவை வாசிச்சாச்சு. "அன்புள்ள அம்ராம், பெர்லா இருவருக்கும். வடக்கு மலைகளில் வீழ்ந்த உங்கள் மகன் எல்தாதை எண்ணித் தலை வணங்குகிறேன். நாட்டின் பிரதமராக இதை எழுதவில்லை, பிள்ளைகளை அங்கே அனுப்பியவனாக எழுதுகிறேன். காவல் முடிந்து திரும்பும்போது அவன் சீட்டியடித்துக்கொண்டே வருவான் என்று தோழர்கள் சொன்னார்கள். அந்தச் சத்தம் கேட்டதும், வருவது நம்மவன்தான் என்று எல்லாரும் துப்பாக்கியைத் தாழ்த்துவார்களாம்..." உங்க உதடும் கூடவே அசையுதே.

அந்த அம்மாள்: அடிச்சவ நான்தானே ஐயா. கொஞ்சம் ஞாபகம் இருக்கும்.

அம்ராம்: நானூத்திப் பன்னெண்டுமா?

அந்த அம்மாள்: ...என்ன விஷயமா வந்தீங்க, அதைச் சொல்லுங்க.

அம்ராம்: என் சம்சாரம் பெர்லா ஒரு கேள்வி கேட்டு அனுப்பினா. பிரதமரைப் பாத்துக் கேட்டுட்டு வான்னா.

அந்த அம்மாள்: என்ன கேள்வி?

அம்ராம்: என்ன பாட்டுன்னு.

அந்த அம்மாள்: என்ன?

அம்ராம்: சீட்டியடிச்சுட்டு வருவான்னு எழுதியிருக்கே, என்ன பாட்டைச் சீட்டியடிச்சான்? அதை மட்டும் எழுதலையே, விட்டுட்டாரேங்கிறா. ஒரு வருஷமா இதேதான். சமைக்கும்போது நிறுத்தி, "கல்யாணப் பாட்டா இருக்குமோ?" துணி காயப்போடும்போது, "ஒருவேளை ரேடியோல வர்றதா இருக்குமோ?" நான் வாரம் ஒரு பாட்டைச் சொல்லுவேன். ஒத்துக்க மாட்டா. "அது இல்ல, அது இல்ல"ன்னு தலையை ஆட்டுவா.

அந்த அம்மாள்: என்ன பாட்டுன்னு... கேட்டாங்களா அவங்க.

அம்ராம்: ஆமா. பிரதமருக்குத் தெரியுமில்ல? அவர் விசாரிச்சுத்தானே எழுதுவாரு?

அந்த அம்மாள்: விசாரிக்கச் சொல்லுவாரு. சண்டை தொடங்கின முதல் வாரமே என்னைக் கூப்பிட்டு உக்கார வச்சாரு. "நான் எழுதுற எந்தக் கடிதமும் இன்னொண்ணு மாதிரி இருக்கக் கூடாது. பையனைப் பத்தி ஒரே ஒரு விஷயம் வேணும். வீரன், தியாகின்னு சொல்லாதே, அதெல்லாம் மேடைக்கு. அவன் என்ன சாப்பிடுவான், எதுக்குச் சிரிப்பான், அது வேணும். அது கிடைக்கிற வரைக்கும் கடிதம் போகக் கூடாது"ன்னாரு. நான் படைப்பிரிவுக்குப் போன் போட்டு, கூட இருந்த பையன்கள்கிட்டக் கேட்பேன். ஒருத்தன் அழுவான், ஒருத்தன் வச்சிடுவான். மூணாவது ஆள் ஏதாவது சொல்லுவான்.

அம்ராம்: பாத்தீங்களா! அதான் எங்க ஆளு. இன்னிக்கு நேத்தா தெரியும் எனக்கு அவரை? நாங்க இந்த நாட்டுக்கு வந்து கூடாரத்துல கெடந்தப்ப, ஆளுங்கட்சிக்காரங்க எங்க மேல பூச்சிமருந்து அடிச்சு, தலையை எண்ணிக்கிட்டிருந்தாங்க. இவர் அப்ப எதிர்க்கட்சி. யாரும் மதிக்காத எதிர்க்கட்சி. சேத்துல கோட்டும் டையுமா நடந்து வந்தாரு. எங்கம்மா கையை எடுத்து முத்தம் கொடுத்து "வணக்கம், சீமாட்டி"ன்னாரு. அந்தக் கையால மாவு பிசைய மாட்டேன்னுட்டா எங்கம்மா. அன்னிக்கு எங்க கூடாரத்துல ரொட்டியே இல்ல!

அந்த அம்மாள்: இப்பவும் அந்தப் பழக்கம் விடல. நான் உள்ள போனா எழுந்து நிப்பாரு.

அம்ராம்: அன்னிக்கு நான் அவருக்கு முடி வெட்டினேன், தெரியுமா? பெட்டி மேல உக்கார வச்சு. டையைக் கழட்ட மாட்டேன்னுட்டாரு. தலையையும் குனிய மாட்டேங்கிறாரு. நான் சொன்னேன், "ஐயா, என் கத்திரிக்கு முன்னாடி யாரா இருந்தாலும் மரியாதையாத் தலையைக் குனிஞ்சுதான் ஆகணும்." சிரிச்சிட்டுக் குனிஞ்சாரு. எங்க கடைல இன்னிக்கும் அதான் பேச்சு. மேயரு வந்தாலும் சரி, "மரியாதையாத் தலையைக் குனி."

அந்த அம்மாள்: ... மரியாதையாத் தலையைக் குனி.

அம்ராம்: ஏம்மா, முகம் ஒரு மாதிரி ஆயிடுச்சு?

அந்த அம்மாள்: வெயில்.

அம்ராம்: வெயிலா? மேகமா இருக்கு.

காவலர்: அம்மா! பதினெட்டு வருது. கையை நீட்டுங்க, நிறுத்தாமப் போயிடுவான்!

அந்த அம்மாள்: போகட்டும்பா. அடுத்ததுல போறேன்.

அம்ராம்: எனக்காகவா விட்டீங்க?

அந்த அம்மாள்: ஐயா, பிரதமரை உங்களால பாக்க முடியாது. அதைச் சொல்லிடறேன். அவர் இப்ப ஜன்னல் பக்கத்துல உக்காந்திருப்பாரு. திரைச்சீலை இத்துனூண்டு விலகியிருக்கு பாருங்க, ரெண்டாவது மாடில. அந்தப் பலகையைப் பாத்துட்டே இருப்பாரு. எடுத்துடச் சொல்லவான்னு போலீஸ்காரங்க கேட்டாங்க. "வேண்டாம், அது என் பலகை"ன்னுட்டாரு.

அம்ராம்: "சில வாரத்துல முடிஞ்சிடும், வடக்குல இருக்கிற பிள்ளைங்க நிம்மதியாத் தூங்குவாங்க"ன்னு ரேடியோல சொன்னாரு. கடைல சத்தமா வச்சு எல்லாருக்கும் கேக்க வச்சேன். இப்ப மூணாவது குளிர்காலம்.

அந்த அம்மாள்: தளபதிங்க வரைபடத்தோட வருவாங்க. இவர் முதல்ல, "பையன்களுக்குக் கம்பளி மேல்சட்டை போய்ச் சேர்ந்துச்சா?"ன்னு கேப்பாரு. "சேர்ந்துச்சு"ம்பாங்க. அப்புறம் அடுத்த மலையைக் காட்டுவாங்க. தலையை ஆட்டுவாரு. மறுபடி அடுத்த மலை. மலைக்கு அந்தப் பக்கம் எரியிற வீடுகள்லயும் அம்மாக்கள் இருக்காங்க. அவங்களுக்குக் கடிதம் அடிக்க யாரும் இல்ல.

அம்ராம்: நீங்க ஓட்டு யாருக்குப் போடுவீங்க?

அந்த அம்மாள்: இவருக்குத்தான். அதான் வயித்தெரிச்சல்.

அம்ராம்: எனக்கும் அதான்... அம்மா, இன்னொரு விஷயம் சொல்லட்டுமா? கோவிச்சுக்கக் கூடாது.

அந்த அம்மாள்: சொல்லுங்க.

அம்ராம்: என் பையனுக்குச் சீட்டியடிக்க வராது. பொறக்கும்போதே மேலுதடு பிளந்திருந்துச்சு. ரெண்டு தடவை தைச்சாங்க. பேச்சு வந்துடுச்சு, சாப்பாடு வந்துடுச்சு, சீட்டி மட்டும் வரல. தெருப் பசங்களோட நின்னு ஊதுவான், வெறும் காத்துதான் போகும். அழுதுட்டு வருவான். பெர்லா கடிதத்தைப் பாத்ததும் என்ன சொன்னா தெரியுமா? "பாத்தீங்களா, அங்க போய்க் கத்துக்கிட்டான்!" அடக்கத்துக்கு அப்புறம் அன்னிக்குத்தான் முதல்முதலா ஒரு தட்டு சோறு சாப்பிட்டா. நான் என்னத்தைச் சொல்ல? ஆமா, கத்துக்கிட்டான்னேன்.

அந்த அம்மாள்: உங்களுக்கு... அப்பவே தெரியுமா?

அம்ராம்: வாசிச்ச நிமிஷமே. இது வேற வீட்டுப் பிள்ளை. நல்ல பிள்ளை. ஆனா என் பிள்ளை இல்ல.

அந்த அம்மாள்: ஒரு வருஷமா ஏன் ஒண்ணும் எழுதல? ஒரு வரி போட்டிருந்தா...

அம்ராம்: நீங்க ஏன் எழுதல? சண்டைக்கு வரலம்மா. பதறாதீங்க. கிளாஸை இப்படிக் குடுங்க, இன்னும் கொஞ்சம் ஊத்துறேன். நான் யோசிச்சது இவ்வளவுதான். இந்தச் சீட்டி என் வீட்டுக்கு வந்துடுச்சுன்னா, என் பையனோட வரி எங்கயோ ஒரு வீட்டுக்குப் போயிருக்கணும். அங்க யாரோ அதை வாசிச்சுட்டு, "யாருடா இது"ன்னு முழிச்சிருக்கணும். எனக்கு அந்த வரி வேணும். பிரதமரும் வேணாம், விளக்கமும் வேணாம். என் பையனைப் பத்தி அவன் கூட்டாளிங்க என்ன சொன்னாங்க? அந்த ஒரு வரி.

அந்த அம்மாள்: தெரிஞ்சு என்ன பண்ணப் போறீங்க?

அம்ராம்: என்ன கேள்வி இது!

அந்த அம்மாள்: இல்ல... தப்பாக் கேட்டுட்டேன்.

அம்ராம்: சரியாத்தான் கேட்டீங்க. சொல்றேன். எங்களுக்குள்ள கடைசிப் பேச்சு நல்ல பேச்சு இல்ல. அவனுக்கு என் தொழில் பிடிக்காது. "அடுத்தவன் தலைமுடி என் சட்டைல ஒட்டக் கூடாது, நான் எலக்ட்ரீஷியன் ஆகப் போறேன்"னான். சரி, போடான்னேன். கடைசி லீவு முடிஞ்சு போன மறுநாள் பாக்கிறேன், கடைல கத்திரியைக் காணோம். மெக்னேஸ் ஊர்க் கத்திரி. எங்கப்பா கைல இருந்து என் கைக்கு வந்தது. பெர்லாவுக்குத் தெரியாம முகாமுக்குப் போன் போட்டேன். "கத்திரியை எங்கடா வித்தே?"ன்னேன். அப்பான்னான். "திருட்டுப் பயலே"ன்னேன். அவன் ஏதோ சொல்ல வந்தான்... நான் வச்சிட்டேன். அவன் வைக்கல. நான்தான் வச்சேன்.

அந்த அம்மாள்: அண்ணே...

அம்ராம்: ஒன்பது வாரம் பேசவே இல்ல. ஒன்பதாம் வாரம் வாசல்ல ராணுவக்காரங்க மூணு பேரு நின்னாங்க. அவன் பையைக் கொண்டுவந்து குடுத்தாங்க. ஷேவிங் செட்டு, ரெண்டு சட்டை, பெர்லா பின்னின தொப்பி. கத்திரி இல்ல. அப்ப வித்துட்டான்தான்னு நினைச்சேன். நினைச்சுட்டு, பிள்ளையை மண்ணுல வச்சுட்டு வந்து இப்படியா நினைக்கிறேன்னு என்னையே அறைஞ்சுக்கிட்டேன். இப்ப சொல்லு தங்கச்சி, அந்த வரி எனக்கு வேணுமா, வேணாமா?

அந்த அம்மாள்: வேணும்.

அம்ராம்: அது எந்த வீட்டுல இருக்கு?

அந்த அம்மாள்: ஒரு வீட்டுல இருக்கு... பத்திரமா இருக்கு.

அம்ராம்: வச்சு என்ன பண்றாங்க?

அந்த அம்மாள்: தினம் எடுத்து வாசிப்பாங்க. அவங்களுக்கு உங்க பையனை ரொம்பப் பிடிக்கும்.

அம்ராம்: உங்களுக்கு எப்படித் தெரியும்?

அந்த அம்மாள்: ...யாருக்குத்தான் பிடிக்காது?

அம்ராம்: ம்.

அந்த அம்மாள்: தப்பு என்னோடதுதான் அண்ணே. அந்த நாலு பேரோட கடிதத்துல ரெண்டை ஆபீஸ்ல வேற ஒருத்தர் முன்னாடியே அடிச்சு அனுப்பிட்டாரு. மீதி ரெண்டும் என் மேசைல இருந்துச்சு. ஏழு நாளு யாரும் தொடல. எட்டாம் நாள் காலைல வந்து உக்காந்தேன். ஒரு தாள் இந்தப் பக்கம், ஒரு தாள் அந்தப் பக்கம். குறிப்பெல்லாம் சரியாத்தான் எழுதி வச்சிருந்தேன். விரல்தான் என் பேச்சைக் கேக்கல. எந்தப் பேருக்குக் கீழ எதை அடிச்சேன்னு எனக்கே தெரியல. கொண்டுபோய் அவர் முன்னாடி வச்சேன்.

அம்ராம்: ஏழு நாளு ஏன் யாரும் தொடல?

அந்த அம்மாள்: மாறிப்போனதை அவரும் பாக்கல. அவருக்குத்தான் எந்தத் தப்பும் தப்பாதே... கமா விட்டாக்கூடக் கண்டுபிடிப்பாரு. அன்னிக்கு எழுந்து நின்னுட்டு, நின்னபடியே ரெண்டுலயும் கையெழுத்துப் போட்டாரு. என் முகத்தைப் பாக்கல. பேனாவை மூடி வச்சாரு. அதுக்கப்புறம் எடுக்கவே இல்ல.

அம்ராம்: எடுக்கவே இல்லன்னா?

அந்த அம்மாள்: அந்த ரெண்டுதான் அவர் கையெழுத்துப் போட்ட கடைசிக் கடிதம். அதுக்கப்புறம் போனதுல எல்லாம் இருக்கிற கையெழுத்து என்னோடது. யார்கிட்டயும் சொல்லிடாதீங்க.

அம்ராம்: ஏன் அந்த ரெண்டோட நிறுத்தினாரு?

அந்த அம்மாள்: பேனாவைத்தான் நிறுத்தினாரு. சண்டையை நிறுத்தல.

அம்ராம்: நான் கேட்டது அது இல்ல.

அந்த அம்மாள்: தெரியும்.

அம்ராம்: ...சரி. தப்பு நடந்தது தெரிஞ்சதும் ஒரு போன் பண்ணியிருக்கலாமே?

அந்த அம்மாள்: பண்ண எடுத்தேன். எத்தனையோ நாள் எடுத்தேன். உங்க சலூன் போன் நம்பர் எனக்கு மனப்பாடம். ரெண்டு எண் சுத்துவேன், வச்சிடுவேன். ஏன்னு கேட்டா... சிரிக்காதீங்க.

அம்ராம்: சிரிக்கல.

அந்த அம்மாள்: நான் போன் பண்ணினா நீங்க அந்த வரியை அழிச்சிடுவீங்களே. இப்ப பெத்செயான்ல ஒரு வீட்டுல அந்தப் பையன் சீட்டியடிச்சுட்டு வந்துட்டு இருக்கான். ஒரு அம்மா காது குடுத்துக் கேட்டுட்டு இருக்கா. நான் சொல்லிட்டேன்னா அங்கயும் அவன் நின்னுடுவான். எங்கயாவது ஒரு இடத்துல வந்துட்டே இருக்கட்டுமேன்னு... உங்க பையன் வரியை எடுத்து வச்சுக்கிட்டு, பதிலுக்கு இதைக் குடுத்துட்டேன்னு நினைச்சுக்கிட்டேன். நியாயமே இல்ல. தெரியும்.

காவலர்: பெரியவரே, மணி பன்னெண்டே கால்! பஸ் நிலையத்துக்கு நடந்து போகணும்னா இப்பக் கிளம்பணும்.

அம்ராம்: நீ உன் பின்னங்கழுத்தைப் பாத்துக்கோ தம்பி! என் பஸ்ஸை நான் பாத்துக்கிறேன்.

அந்த அம்மாள்: அண்ணே, இந்தக் கிளாஸைக் கொஞ்சம் பிடிங்க. கைப்பையைத் திறக்கணும்.

அம்ராம்: மெதுவா. ஒண்ணும் அவசரமில்ல.

அந்த அம்மாள்: உங்களை மாதிரி நான் பிளாஸ்டிக் உறை போடல. மடிப்புல கிழிஞ்சு போச்சு. வாசிக்கட்டுமா?

அம்ராம்: வாசி.

அந்த அம்மாள்: "...படைப்பிரிவில் அவன் ஒரு சலூன் வைத்திருந்தான். வெள்ளிக்கிழமை தோறும் வெடிமருந்துப் பெட்டி மேல் ஒவ்வொருவரையாக உட்கார வைத்து முடி வெட்டிவிடுவான். படைத்தலைவனே வந்தாலும், 'இது மெக்னேஸ் கத்திரி, என் அப்பாவுடையது. மரியாதையாத் தலையைக் குனி' என்பானாம். ஓய்வுநாள் தொடங்கும்போது எங்கள் எல்லாருடைய கழுத்தும் சுத்தமாக இருக்கும் என்று தோழர்கள் சொன்னார்கள்..."

அம்ராம்: இன்னொரு தடவை.

அந்த அம்மாள்: "...இது மெக்னேஸ் கத்திரி, என் அப்பாவுடையது. மரியாதையாத் தலையைக் குனி..."

அம்ராம்: என் அப்பாவுடையதுன்னா சொன்னான்?

அந்த அம்மாள்: அப்படித்தான் சொன்னானாம். போன்ல சொன்ன பையன் அதை உங்க பையன் குரல்லயே சொல்லிக் காட்டினான்.

அம்ராம்: பெட்டி மேல... பெட்டி மேல உக்கார வச்சு... கழுதை! சட்டைல முடி ஒட்டக் கூடாதுன்னானே! எங்கிட்டக் கேட்டிருந்தா நானே குடுத்திருப்பேனே, சீப்பையும் சேத்துக் குடுத்திருப்பேனே...

அந்த அம்மாள்: கேட்டா, பாத்தியா வழிக்கு வந்துட்டியான்னு சிரிப்பீங்களாம். நல்லாக் கத்துக்கிட்டு வந்து காட்டலாம்னு இருந்தானாம். அதுவும் அந்தப் பையன்தான் சொன்னான். அதை நான் கடிதத்துல போடல.

அம்ராம்: நல்லா வெட்டினானாமா?

அந்த அம்மாள்: இல்லையாம். எல்லாருக்கும் இடது பக்கம் ஏறிடுமாம்.

அம்ராம்: இடது... ஆமா, அவனுக்கு இடது கைப் பழக்கம். அந்தக் கத்திரி வலது கைக்குச் செஞ்சது. சிரிப்பு வருது தங்கச்சி... இரு, கண்ணைத் துடைச்சுக்கிறேன்.

அந்த அம்மாள்: கத்திரி அங்கயேதான் இருக்காம். கேட்டு வாங்கட்டுமான்னேன். குடுக்க மனசில்லன்னாங்க. வெள்ளிக்கிழமைன்னா இன்னிக்கும் யாராவது எடுத்து வெட்டுவாங்களாம். வாங்கித் தரட்டுமா அண்ணே? நீங்க சொன்னா இப்பவே எழுதுறேன்.

அம்ராம்: வேணாம். இன்னிக்கு வெள்ளிக்கிழமை. வெட்டிக்கிட்டு இருப்பாங்க.

அந்த அம்மாள்: இந்தத் தாளை நீங்க வச்சுக்கோங்க. உங்களோடது.

அம்ராம்: மேல எழுதியிருக்கிற பேரு என்னோடதா இருக்காதே.

அந்த அம்மாள்: ... பேரு வேற யாரோடதோதான்.

அம்ராம்: சரி.

அந்த அம்மாள்: அண்ணே... இன்னொரு வீட்டுக்குப் போன கடிதம் என் கைப்பைல எப்படி வந்துச்சுன்னு நீங்க கேக்கவே இல்ல.

அம்ராம்: கேக்கல.

அந்த அம்மாள்: ஏன்?

அம்ராம்: வண்டில நாலு பேரு இருந்தாங்க தங்கச்சி. கொஞ்ச நாளா வீடு வீடாப் போயிட்டு வரேன். ஹைஃபா ஊர்ல ஒரு வீடு, அவங்க கடிதத்துல அவங்க பையன்தான் இருந்தான். தெற்குல ஒரு பண்ணை வீடு, அங்கயும் சரியாத்தான் இருந்துச்சு. நாலாவது வீட்டைத் தேடி எருசலேமுக்கு வந்தேன். கதவு பூட்டியிருந்துச்சு. "அந்த அம்மா பிரதமர் வீட்டுல தட்டச்சு பண்றாங்க, பதினெட்டாம் நம்பர் பஸ்ல வருவாங்க"ன்னு பக்கத்து வீட்டுல சொன்னாங்க. உன் பேரையும், மகனுக்காக நீ ஏழு நாள் துக்கத்துல உக்காந்ததையும் அவங்கதான் சொன்னாங்க. முகம் தெரியாம ரெண்டு நாள் தவற விட்டேன், இந்த ரெண்டாவது கிளாஸு மூணு நாளா உனக்காகத்தான் காத்துட்டு இருக்கு. பெர்லாகிட்ட நான் ஒண்ணும் சொல்லப் போறதில்ல. என் வீட்டுல அவன் வந்துட்டே இருக்கட்டும், யாரும் நிறுத்த மாட்டோம். ஆனா அவ கேட்டு அனுப்பினாளே, அதுக்குப் பதில் தெரியாம நான் ஊருக்குப் போக முடியாது. பஸ் போனாப் போகட்டும். உக்காரு எப்சிபா, அழுதுட்டே சொன்னாலும் பரவால்ல... உன் யாயீர் என்ன பாட்டைச் சீட்டியடிப்பான்?